ஏட்ரியன் பைப்பர்: அவமதிப்பை அனுப்பியவரிடமே திருப்பித் தந்த கலை

1980களின் பிற்பாதி. அமெரிக்காவில் ஒரு விருந்து. கையில் கோப்பையுடன் படித்த மனிதர்கள் நின்று பேசிக்கொண்டிருக்கிறார்கள். பேச்சினூடே ஒருவர் கறுப்பின மக்களைப் பற்றி இழிவாக ஏதோ சொல்கிறார். சுற்றியிருப்பவர்கள் சிரிக்கிறார்கள். அந்த வட்டத்தில் நிற்கும் வெளிர்நிறத் தோல் கொண்ட பெண் மட்டும் சிரிக்கவில்லை. அவர் வாதிடவும் இல்லை. முகவரி அட்டை அளவில் இருக்கும் பழுப்பு அட்டை ஒன்றை எடுத்துப் பேசியவரின் கையில் கொடுக்கிறார்.

அட்டையில் சில வரிகள் அச்சிடப்பட்டிருக்கின்றன. எழுதியவர் தன்னைக் கறுப்பினத்தவர் என்று அறிவிக்கிறார். இனவெறிச் சொல்லைச் சொன்னபோதோ அதற்குச் சிரித்தபோதோ இது உங்களுக்குத் தெரிந்திருக்காது என்கிறார். முன்கூட்டியே இனத்தைச் சொன்னால் அடாவடிக்காரி என்று தன்னைக் கருதுகிறார்கள். எனவே யாரும் இப்படிப் பேசமாட்டார்கள் என்ற நம்பிக்கையில் இருந்துவிட்டு, பேசும்போது மட்டும் இதைக் கொடுப்பதாக விளக்குகிறார். தன் இருப்பு உங்களுக்குத் தரும் சங்கடத்துக்காக வருந்துவதாக, மரியாதை சற்றும் குறையாமல், முடிக்கிறார்.

அந்தப் பெண் ஏட்ரியன் பைப்பர். 1986 முதல் 1990 வரை அவர் நிகழ்த்திய இந்தப் படைப்புக்கு மேடை இல்லை, நுழைவுச்சீட்டு இல்லை, பார்வையாளர் இல்லை. ஓர் அட்டை, அதைப் பெற்றுக்கொண்ட ஒரு கை, அந்தக் கைக்குரியவரின் முகத்தில் தோன்றும் மாற்றம் ஆகிய மூன்றுமே அந்தக் கலை. அவமதிக்கப்பட்டவர் வீட்டுக்குச் சுமந்து சென்று இரவெல்லாம் புரட்டிப் பார்க்கும் வலியை, அவமதித்தவரின் சட்டைப்பைக்கு அது மாற்றிவிடுகிறது.

இந்த அறையை நாம் அறிவோம். இடஒதுக்கீட்டில் வந்தவர்களால் துறையின் தரமே போய்விட்டது என்று ஆய்வாளர் ஒருவர் தேநீர்க் கடையில் சொல்லும்போது, சுற்றி நிற்பவர் அனைவரும் தம்மவரே என்று அவர் நம்புகிறார். அந்த வட்டத்தில் நிற்கும் தலித் மாணவர் சிரிப்பதா, விலகிச் செல்வதா, தன் சாதியைச் சொல்லிப் பேச்சை நிறுத்துவதா என்று கணக்கிட அவருக்குக் கிடைப்பவை சில நொடிகள். அந்தச் சில நொடிகளைத்தான் பைப்பர் தம் வாழ்நாள் முழுவதும் ஆராய்ந்தார். ஓவியமாக, நிகழ்த்துகலையாக, காணொளியாக, தத்துவ நூலாக.

அவரை இப்போது பேசுவதற்குக் காரணம் இருக்கிறது. 2025 மார்ச் 27 அன்று அமெரிக்க அதிபர் ட்ரம்ப், அமெரிக்க வரலாற்றில் உண்மையை மீட்பதாகச் சொல்லிக்கொண்டு ஓர் ஆணை பிறப்பித்தார். ஸ்மித்சோனியன் அருங்காட்சியகங்களைக் குறிவைத்த அந்த ஆணை, இனமும் அமெரிக்கச் சிற்பக்கலையும் குறித்த ஒரு கண்காட்சியைப் பெயர் சுட்டிக் கண்டித்தது. அந்தக் கண்காட்சி செய்த குற்றம், இனம் என்பது உயிரியல் உண்மை அன்று, மனிதர்கள் கட்டியமைத்தது என்று சொன்னதுதான். அதே ஆண்டு ஜூலையில் கறுப்பின ஓவியர் ஏமி ஷெரால்ட், திருநரை விடுதலைத் தேவியாக வரைந்த தம் ஓவியம் விலக்கப்படக்கூடும் என்ற நிலையில், தேசிய உருவப்பட அருங்காட்சியகத்தில் நடைபெறவிருந்த தம் கண்காட்சியையே திரும்பப் பெற்றுக்கொண்டார். இனம் கட்டியமைக்கப்பட்டது என்பதை விளக்குவதும், நிறுவனத்திடமிருந்து படைப்பைத் திரும்பப் பெறுவதும் பைப்பர் ஐம்பது ஆண்டுகளாகச் செய்துவந்தவை.

1948இல் நியூயார்க்கில் பிறந்தவர் பைப்பர். ஓவியக் கல்லூரியில் 1969இல் பட்டம் பெற்றார். பிறகு தத்துவம் படித்தார். நீதி குறித்த கோட்பாட்டுக்காக உலகம் அறிந்த ஜான் ரால்ஸிடம் ஹார்வர்டில் ஆய்வு செய்து 1981இல் முனைவர் பட்டம் பெற்றார். 1987இல் ஜார்ஜ்டவுன் பல்கலைக்கழகத்தில், அமெரிக்கத் தத்துவத் துறையில் நிரந்தரப் பேராசிரியர் பதவி பெற்ற முதல் கறுப்பினப் பெண் ஆனார். பகுத்தறிவையும் தன்னிலையின் அமைப்பையும் பற்றி இரண்டு தொகுதிகளில் பெருநூல் எழுதியிருக்கிறார். கலைஞர்களில் கோட்பாடு பேசுபவர்கள் நிறைய உண்டு. காண்ட்டின் தத்துவத்தை வகுப்பெடுத்தவரும் தெருவில் நாற்றமடிக்கும் சட்டையோடு நடந்தவரும் இவர் ஒருவராகத்தான் இருப்பார்.

அந்தச் சட்டையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே பேச வேண்டும். 1970இல் பைப்பர் ‘கேட்டலிசிஸ்’ என்ற தொடரைத் தொடங்கினார். வேதிவினையைத் தூண்டிவிட்டுத் தான் மாறாமல் இருக்கும் பொருளான கிரியாவூக்கியைக் குறிக்கும் சொல்லிலிருந்து பிறந்த பெயர் அது. காடி, முட்டை, பால், மீன் எண்ணெய் கலந்த கலவையில் ஒரு வாரம் உடைகளை ஊறவைத்து, அவற்றை உடுத்திக்கொண்டு நெரிசல் நேரத்தில் நியூயார்க் சுரங்க ரயிலில் ஏறினார். பிறகு அதே உடையில் ஒரு புத்தகக் கடைக்குப் போனார். இன்னொரு முறை, ஈரமான வண்ணம் பூசிய சட்டையில் ‘ஈர வண்ணம்’ என்ற எச்சரிக்கையை எழுதி மாட்டிக்கொண்டு மேசிஸ் என்ற பெரிய அங்காடியில் கையுறை வாங்கப் போனார். மற்றொரு முறை, பெரிய சிவப்புத் துண்டை வாய்க்குள் திணித்துக்கொண்டு, மிச்சத்தைத் தொங்கவிட்டபடி பேருந்தில் பயணம் செய்தார். இது கலை என்ற அறிவிப்பு எங்கும் இல்லை. மக்கள் விலகினார்கள், முகம் சுளித்தார்கள், பார்க்காததுபோல் இருந்தார்கள். பைப்பர் மட்டும் வழக்கமான பயணியைப் போல, வழக்கமான வாடிக்கையாளரைப் போல நடந்துகொண்டார்.

ஐரோப்பிய, அமெரிக்கக் கலை வரலாறுகள் இந்தத் தொடரைப் பொதுவெளியில் பெண் உடல், சமூக ஒழுங்கின் எல்லை ஆகிய சொற்களால் விளக்குகின்றன. சாதிச் சமூகத்திலிருந்து பார்க்கிறவருக்கு வேறொன்றும் தெரிகிறது. தொடாதே என்று உடலிலேயே எழுதப்பட்ட மனிதர் ஒருவர் சந்தைக்குள் நடந்துபோகிறார். ‘சாதி ஒழிப்பு’ நூலில் அம்பேத்கர், பேஷ்வா ஆட்சியின் புனேயில் தீண்டப்படாதவர்கள் இடுப்பில் துடைப்பமும் கழுத்தில் மண்கலயமும் கட்டிக்கொண்டு நடக்க வேண்டியிருந்ததைப் பதிவுசெய்கிறார். காலடித் தடத்தை அழிக்கத் துடைப்பம். எச்சில் மண்ணில் விழாதிருக்கக் கலயம். அங்கே பிறர் மாட்டிய அடையாளத்தை இங்கே பைப்பர் தாமாக மாட்டிக்கொண்டார். அதன் மூலம், தீட்டு என்பது அந்த உடலில் இல்லை, விலகுகிறவரின் கண்ணிலும் மூக்கிலும் கூச்சத்திலும் இருக்கிறது என்பதை வெளியே கொண்டுவந்தார்.

ஒப்புமையை இதற்கு மேல் இழுக்க முடியாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். பைப்பரால் வீடு திரும்பி அந்தச் சட்டையைக் கழற்ற முடியும். மலக்குழியில் இறக்கப்படுகிற மனிதருக்கு, 2013ஆம் ஆண்டுச் சட்டம் அதைத் தடைசெய்த பின்னும், அந்த வாய்ப்பு இல்லை. அவர் குளித்துவிட்டு வந்த பிறகும் தெரு அவரிடமிருந்து விலகுகிறது. சோதனைக்காக ஏற்றுக்கொண்ட அருவருப்பையும் பிறப்பால் சுமத்தப்பட்ட அருவருப்பையும் ஒன்றென்று நினைக்கும் பார்வையாளர் இரண்டையுமே தவறவிடுகிறார். பைப்பரே இந்த வேறுபாட்டை உணர்ந்திருந்தார் என்றுதான் நினைக்கிறேன். அவருடைய அடுத்த கட்டப் படைப்புகள், கழற்ற முடியாத அடையாளத்தை நோக்கித் திரும்பின.

1973 முதல் 1975 வரை ‘தொன்ம மனிதன்’ என்று தமிழில் சொல்லத்தக்க ஒரு பாத்திரமாக அவர் மாறினார். அடர்ந்த சுருள்முடித் தொப்பி, ஒட்டு மீசை, கறுப்புக் கண்ணாடி, வாயில் சுருட்டு. வெள்ளை நகரம் எந்தக் கறுப்பு ஆணைக் கண்டு தெருவின் மறுபக்கம் போகுமோ, அந்த ஆணாக வேடமிட்டுத் தெருவில் நடந்தார். அந்த உருவத்தின் வாயில் தம் சொந்த நாட்குறிப்பின் வரிகளை வைத்து ‘வில்லேஜ் வாய்ஸ்’ வார இதழில் விளம்பரங்களாக வெளியிட்டார். அச்சத்துக்குரியவன் என்று ஊர் முடிவுசெய்துவிட்ட முகத்திலிருந்து ஒரு சிறுமியின் அந்தரங்க எழுத்து வெளிவந்தது.

1988இல் உருவான ‘கார்னர்ட்’, அதாவது மூலையில் மடக்கப்பட்டவர், பைப்பரின் ஆகக் கூர்மையான படைப்பு என்பது என் மதிப்பீடு. அறையின் மூலையில் ஒரு மேசை கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கிறது; அதன் பின்னே தொலைக்காட்சித் திரை. திரையில் முத்துமாலை அணிந்த பைப்பர், செய்தி வாசிப்பவரின் நிதானத்தோடு தான் கறுப்பினத்தவர் என்று சொல்லித் தொடங்குகிறார். இதை நான் சொல்வது உங்களைத் தொந்தரவு செய்கிறதா, ஏன், என்று கேட்டுக்கொண்டே போகிறார். அவர் தம்மை வெள்ளையர் என்று சொல்லிக்கொண்டிருக்கலாமே என்று பார்வையாளர் நினைக்கும் இடத்தில் பேச்சு திரும்புகிறது. ஒரு துளி கறுப்பு ரத்தம் இருந்தாலும் கறுப்பரே என்பது அமெரிக்காவின் பழைய விதி. அந்த விதிப்படி, தங்களை வெள்ளையர் என்று நம்பிக்கொண்டிருக்கும் அமெரிக்கர் பலரும் கறுப்பரே. அப்படியானால் இனி நீங்கள் என்ன செய்யப்போகிறீர்கள் என்று பார்வையாளரிடம் கேட்கிறார். மூலையில் மடக்கப்பட்டவர் இப்போது யார் என்பது இடம் மாறிவிடுகிறது.

திரைக்கு மேலே சுவரில் இரண்டு பிறப்புச் சான்றிதழ்கள் மாட்டப்பட்டிருக்கும். இரண்டும் பைப்பரின் தந்தையுடையவை. ஒன்றில் அவர் வெள்ளையர். மற்றொன்றில் எட்டில் ஒரு பங்கு கறுப்பர். ஒரே மனிதர், ஒரே அரசு, இரண்டு இனங்கள்.

இந்தியாவில் இதைப் பார்க்கிற எவருக்கும் ரோஹித் வெமுலா நினைவுக்கு வராமல் இருக்க முடியாது. 2016 ஜனவரி 17 அன்று ஹைதராபாத் பல்கலைக்கழக விடுதியில் அவர் உயிர் நீத்த பிறகு, அவரை அந்த நிலைக்குத் தள்ளியவர்கள் யார் என்ற கேள்வியை விட, அவர் உண்மையிலேயே தலித்தா என்ற கேள்விக்கே அரசு இயந்திரம் அதிக ஆற்றலைச் செலவிட்டது. 2024இல் தெலங்கானா காவல் துறை தாக்கல் செய்த வழக்கு முடிப்பு அறிக்கை, அவர் பட்டியல் சாதியினர் அல்லர் என்றது. எதிர்ப்பு எழுந்த பின்னரே மேல்விசாரணை நடைபெறும் என்று காவல் துறைத் தலைமை அறிவித்தது. தலித் தாய் தனித்து வளர்த்த மகன் சாதிய ஒதுக்கலை அனுபவித்ததற்குச் சான்றிதழ் கேட்கிறார்கள். ஒடுக்கும்போது யாரும் சான்றிதழ் கேட்பதில்லை. ஒடுக்கப்பட்டேன் என்று சொல்லும்போதுதான் கேட்கிறார்கள். பைப்பர் சுவரில் மாட்டிவைத்தது இந்த முரணைத்தான்.

அவருடைய எழுத்தில் இது இன்னும் நெருக்கமாக வருகிறது. 1992இல் வெளியான நெடுங்கட்டுரை ஒன்றில், வெள்ளையராகவும் கறுப்பராகவும் மாறிமாறிக் கருதப்பட்ட தம் வாழ்க்கையை அவர் விவரிக்கிறார். பள்ளியில் அச்சமின்றி நடந்துகொண்ட சிறுமியைக் கண்ட ஆசிரியை, தான் நிறத்தவள் என்பது இவளுக்குத் தெரியுமா என்று தாயைக் கேட்டிருக்கிறார். வீட்டைச் சுற்றியிருந்த கறுப்பினப் பிள்ளைகளோ அவரது வெளிர் தோலைக் கேலி செய்தார்கள். ஹார்வர்டில் புதிய மாணவர்களுக்கான வரவேற்பில், துறையின் மிகப் புகழ்பெற்ற பேராசிரியர்களில் ஒருவர், நான் எவ்வளவு கறுப்பரோ அவ்வளவுதான் நீங்களும் என்ற பொருள்பட அவரிடம் சொல்லியிருக்கிறார். சலுகைக்காகப் பொய் சொல்லி வந்தவர் என்ற குற்றச்சாட்டு அந்தப் புன்னகைக்குள் இருந்தது. கறுப்பராகத் தெரிந்தால் தகுதியற்றவர், தெரியாவிட்டால் ஏமாற்றுக்காரர். நம் வளாகங்களில் தலித் போலவே தெரியவில்லையே என்று பாராட்டாகச் சொல்லப்படும் வாக்கியத்தின் உள்ளே இருப்பதும் இந்த இரட்டைப் பொறிதான்.

அதே கட்டுரையில், வெள்ளையர்களாகவே வாழ முடிவெடுத்துக் குடும்பத்தோடு உறவை முறித்துக்கொண்ட உறவினர்களைப் பற்றியும் அவர் எழுதுகிறார். அவர்களைக் காட்டிக்கொடுப்பதில்லை என்பது குடும்பங்களின் எழுதாத ஒழுக்கமாக இருந்தது. இங்கே அவர் எழுத்தில் கோபம் தணிந்து துயரம் வந்துவிடுகிறது. மறைந்து வாழ்பவர் கோழை அல்லர்; ஆனால் அவர் கொடுக்கும் விலை உறவு. யாஷிகா தத், ரோஹித்தின் மரணத்துக்குப் பிறகு தம் சாதியை வெளிப்படையாக அறிவித்து, பின்னர் 2019இல் தம் நூலில், மறைத்து வாழ்ந்த ஆண்டுகளின் பதற்றத்தைப் பக்கம் பக்கமாக எழுதியதை நம் வாசகர்கள் அறிவார்கள். பைப்பரின் கட்டுரை வந்த அதே 1992இல்தான் தமிழில் பாமாவின் ‘கருக்கு’ வந்தது என்பது தற்செயல். ஆனால் ஒடுக்கப்பட்ட பெண்ணின் தன்வரலாறு கோட்பாட்டுக்கு இணையான அறிவு என்று இரு மொழிகளில் ஒரே நேரத்தில் நிறுவப்பட்டதை நினைவில் வைக்கலாம்.

பைப்பரை நான் முழுமையாக ஏற்காத இடத்துக்கு இப்போது வருகிறேன். படைப்பைத் திரும்பப் பெறுவது அவருக்குப் பழக்கமான ஆயுதம். 1970இல் கம்போடியப் படையெடுப்பும், கென்ட், ஜாக்சன் பல்கலைக்கழகங்களில் மாணவர்கள் சுடப்பட்டதும் நாட்டை உலுக்கியபோது, நியூயார்க்கில் நடந்த கருத்தியல் கலைக் கண்காட்சியிலிருந்து தம் படைப்பை விலக்கி அவ்விடத்தில் ஓர் அறிக்கையை வைத்தார். 1995இல் லாஸ் ஏஞ்சலஸின் தற்காலக் கலை அருங்காட்சியகம் ஃபிலிப் மோரிஸ் சிகரெட் நிறுவனத்தின் நிதியில் கண்காட்சி நடத்தியபோது, புகைப்பழக்கம் தந்த நோயால் இறந்த தம் பெற்றோரைப் பற்றிய படைப்பை மாற்றாக வைக்கக் கேட்டார், மறுக்கப்பட்டதும் வெளியேறினார். இந்த இரண்டிலும் அவர் பக்கம் நிற்பது எளிது.

2013இல் நடந்தது வேறு. கறுப்பின நிகழ்த்துகலையின் வரலாற்றைத் தொகுத்த ‘ரேடிக்கல் பிரசென்ஸ்’ என்ற முக்கியமான கண்காட்சி நியூயார்க் பல்கலைக்கழகத்தின் கிரே கலைக்கூடத்துக்கு வந்தபோது, தம் தொன்ம மனிதன் காணொளியை நீக்குமாறு பைப்பர் கேட்டார். கறுப்பினக் கலைஞர்களை மட்டும் ஒன்றுசேர்த்துக் காட்டுவதற்குப் பதிலாக, எல்லா இனத்தவரின் படைப்புகளோடும் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள், அப்போதுதான் தரத்தில் யாருக்கும் இளைத்தவர்கள் அல்லர் என்பது தெரியும் என்பது அவர் வாதம். கண்காட்சியைத் தொகுத்த வலரி கேசல் ஆலிவரும் கறுப்பினப் பெண்ணே. கறுப்பு என்ற அடையாளத்தின் மீதான களங்க உணர்வு பொதுமக்களிடம் மட்டுமல்ல, கலைஞர்களின் மனத்திலும் தங்கியிருக்கிறது என்ற வருத்தத்தோடு அவர் பதிலளித்தார். அணைக்கப்பட்ட திரை ஒன்று அந்த விவாதத்தின் சாட்சியாகக் காட்சியிலேயே இருந்தது.

இதற்கு ஓராண்டு முன்பு, 2012 செப்டம்பரில், தம் அறுபத்து நான்காம் பிறந்தநாளில் பைப்பர் இன்னொன்று செய்திருந்தார். கறுப்பராக இருப்பதிலிருந்து பணிஓய்வு பெறுவதாக அறிவித்தார். பதினாறில் ஒரு பங்கு ஆப்பிரிக்க மரபு தனக்கு உண்டு என்பதால், இனித் தன் இனம் 6.25 விழுக்காடு சாம்பல் நிறம் என்றார். அலுவலகப் படிவங்களின் துல்லியத்தை அதே துல்லியத்தால் கேலிசெய்த அறிவிப்பு அது. ஆனால் கேலி மட்டும் அன்று. ஒரு பெயருக்குள் அடைத்துவைக்கப்பட்ட களைப்பும் அதில் இருக்கிறது.

தமிழ்ச் சூழலில் இந்த விவாதம் புதிதன்று. தலித் எழுத்தாளர் என்ற அடைமொழியைத் தொடர்ந்து மறுத்துவருபவர் இமையம். அந்த மறுப்பில் நியாயம் இருக்கிறது. தலித் சிறப்பிதழ், தலித் அமர்வு, ஏப்ரல் மாதத்தில் ஓர் அழைப்பு என்று மூலையில் ஓர் இருக்கை கொடுத்துவிட்டு, மற்ற பதினொரு மாதங்களும் இலக்கியம் என்ற பொதுப்பெயரைத் தமக்கே வைத்துக்கொள்ளும் நிறுவனங்களை நாம் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறோம். ஆனால் தலித் என்பது அருங்காட்சியகமோ அரசோ ஒட்டிய பெயர்ச்சீட்டு அன்று. 1972இல் மும்பையில் தலித் சிறுத்தைகள் அமைப்பைத் தொடங்கிய இளம் கவிஞர்கள், அமெரிக்கக் கறுஞ்சிறுத்தைகளைப் பார்த்தே தங்கள் அமைப்புக்குப் பெயரிட்டுக்கொண்டார்கள். அது திரள்வதற்கான பெயர். நீலம் பண்பாட்டு மையத்தின் வானம் கலைத் திருவிழா போன்ற, நாமே அமைத்துக்கொண்ட மேடையையும், பிறர் ஒதுக்கிக் கொடுக்கும் மூலையையும் ஒரே தட்டில் வைக்க முடியாது. பைப்பரின் 2013ஆம் ஆண்டு முடிவு இந்த வேறுபாட்டைக் கவனிக்கவில்லை என்பதே என் விமர்சனம். கேசல் ஆலிவர் தொகுத்தது மூலை அன்று. விடுபட்ட வரலாற்றின் மீட்பு.

பெயரிலிருந்து விலகியதால் போராட்டத்திலிருந்தும் விலகிவிட்டார் என்று சொல்லவும் இடமில்லை. பதினேழு வயதுக் கறுப்பினச் சிறுவன் ட்ரேவான் மார்ட்டினைச் சுட்டுக்கொன்றவர் 2013 ஜூலையில் விடுதலையானார். அதே ஆண்டில், குறிபார்க்கும் சிவப்புக் கோடுகளுக்குப் பின்னால் மங்கித் தெரியும் அந்தச் சிறுவனின் முகத்தைப் பைப்பர் படைத்து, எவரும் இலவசமாக எடுத்துக்கொள்ளும்படி தம் இணையதளத்தில் வைத்தார். நானாக இருப்பது எப்படியிருந்திருக்கும் என்று எண்ணிப்பாருங்கள் என அந்த முகம் பார்ப்பவரைக் கேட்கிறது.

நம் வாசகர்கள் கட்டாயம் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. பைப்பர் 1965 முதல் யோகம் பயில்பவர். கேரளத்தில் பிறந்த விஷ்ணுதேவானந்தரின் நூலே அவருக்குத் தொடக்கம். உபநிடதங்களையும் கீதையையும் ஆழ்ந்து படித்தவர். 1971 கோடையில் தனியறையில் உண்ணா நோன்பிருந்து, யோகம் செய்து, காண்ட்டைப் படித்து, தன்னிலை கரைந்துவிடுமோ என்ற அச்சம் எழுந்தபோதெல்லாம் கண்ணாடி முன் நின்று தன்னைப் படமெடுத்துக்கொண்டார். அந்தப் படங்கள் ஒரு முக்கியமான படைப்பாக இன்றும் பேசப்படுகின்றன. தன்னிலை ஒரு மாயை, வேறுபாடுகள் தோற்றம் மட்டுமே என்ற வேதாந்தம், தோலின் நிறத்தால் சிறைப்பட்டவருக்கு விடுதலையாகத் தோன்றுவது புரிந்துகொள்ளக்கூடியது. ஆனால் அந்தத் தத்துவம் பிறந்த மண்ணில் அது யாரை விடுதலை செய்தது? ‘இந்துமதத்தின் புதிர்கள்’ நூலில் அம்பேத்கர் எழுப்பிய கேள்வி இதுவே: எல்லோரும் பிரம்மம் என்றால் அதைவிடச் சிறந்த சமத்துவ அடித்தளம் ஏது, அப்படியிருந்தும் அது ஏன் சமத்துவச் சமூகத்தை உருவாக்கவில்லை? பைப்பரின் யோகத்தில் இந்தக் கேள்விக்கு இடம் இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. 1946இல் அம்பேத்கர் டு பாய்ஸுக்குக் கடிதம் எழுதி, கறுப்பின மக்கள் ஐக்கிய நாடுகள் அவையில் அளித்த மனுவின் படியைக் கேட்டார். இங்கிருந்து அங்கே பார்த்த கண்கள் பல. அங்கிருந்து இங்கே பார்த்த கண்களில் பெரும்பாலானவை ஆசிரமங்களில் நின்றுவிட்டன. பைப்பரின் மேதைமையைக் குறைக்க இதைச் சொல்லவில்லை. சாதி எதிர்ப்பு அறிவுமரபு உலகுக்கு எட்டாமல் போனதன் விளைவு இது. அதை எட்டச் செய்வது நம் வேலை.

2005இல் பைப்பர் பெர்லினுக்குக் குடிபெயர்ந்தார். அமெரிக்கப் போக்குவரத்துப் பாதுகாப்புத் துறையின் சந்தேகத்துக்குரிய பயணிகள் பட்டியலில் தம் பெயர் இருப்பதை மறு ஆண்டு அறிந்ததும், அது நீக்கப்படும் வரை நாடு திரும்ப மறுத்தார். அவர் பணியாற்றிய வெல்லெஸ்லி கல்லூரி 2008இல் அவரது நிரந்தரப் பதவியை முடிவுக்குக் கொண்டுவந்தது. 2015இல் ஓக்வி என்வேசோர் பொறுப்பேற்று நடத்திய வெனிஸ் கலைக்காட்சியில் சிறந்த கலைஞருக்கான தங்கச் சிங்க விருது அவருக்குக் கிடைத்தது. அங்கே அவர் வைத்தவை மூன்று வரவேற்பு மேசைகள். விலைக்கு வாங்க முடியாதவராக இருப்பேன், மனத்தில் உள்ளதையே பேசுவேன், சொன்னதைச் செய்வேன் என்னும் பொருள்படும் மூன்று உறுதிமொழிகளில் எதை ஏற்கிறாரோ அதில் பார்வையாளர் கையெழுத்திட வேண்டும். கையெழுத்திடாமல் திரும்பியவர்கள் அந்தக் காட்சியைப் பிறரைவிட நன்றாகப் புரிந்துகொண்டிருக்கக்கூடும்.

2018இல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் தன் ஆறாவது தளம் முழுவதையும் அவருடைய 290க்கும் மேற்பட்ட படைப்புகளுக்குத் தந்தது. உயிரோடிருக்கும் கலைஞர் ஒருவருக்கு அந்தத் தளம் முழுமையாகக் கிடைத்தது அதுவே முதல் முறை. பைப்பர் வரவில்லை.

இந்த அட்டை காட்சிக்கு வைக்கப்படும்போது, போராட்டத்தில் சேருங்கள், உங்கள் தேவைக்குச் சிலவற்றை எடுத்துக்கொள்ளுங்கள் என்ற அறிவிப்போடு அடுக்கி வைக்கப்படுவது வழக்கம். அதைத் தமிழில் எழுதிப்பார்க்க விரும்பும் மாணவர்கள் இருப்பார்கள். எழுதத் தொடங்கியதும் சில சிக்கல்கள் எழும். பைப்பர் அட்டை கொடுத்த ஆண்டுகளில் பெரும்பாலானவற்றில் அவர் நிரந்தரப் பேராசிரியராக இருந்தார். ஆய்வேட்டில் நெறியாளரின் கையெழுத்துக்காகக் காத்திருக்கும் மாணவர் அந்த அட்டையை நீட்டுவதன் விலை வேறு. பைப்பரின் முகத்தைப் பார்த்து வெள்ளையர் என்று அவர்களாகவே முடிவு செய்தார்கள். நம்மிடம் யாரும் அப்படி முடிவுசெய்து விட்டுவிடுவதில்லை. ஊர் எது, ஊரில் எந்தத் தெரு, அப்பா என்ன செய்கிறார், குலதெய்வம் எது என்று வாடகை வீட்டின் வாசலிலேயே விசாரணை முடிந்துவிடும். எனவே தமிழ் அட்டை பேச்சு முடிந்த பிறகு நீட்டப்படுவதாக இருக்க முடியாது. எந்தத் தெரு என்ற கேள்வி வாயிலிருந்து வரும் கணத்திலேயே அது கைக்கு வர வேண்டும்.

அதன் முதல் வரியில், நான் எந்தத் தெரு என்பதற்கான பதில் இருக்க வேண்டுமா, அல்லது ஏன் கேட்கிறீர்கள் என்ற கேள்வி இருக்க வேண்டுமா?